கார்மெலோ பெனேயைச் சண்டைக் காணொளியில் மட்டும் பார்க்காதீர்கள்

மேடையோரம் எழுதியது:

இரண்டு வாரமாக இத்தாலிய நாடகக் கலைஞர் கார்மெலோ பெனேயின் தொலைக்காட்சித் துண்டு ஒன்று இங்கே சுற்றிக்கொண்டிருக்கிறது. 1994இல் மௌரீட்சியோ கோஸ்தான்ட்சோ நடத்திய நிகழ்ச்சி அது. ஒரு பக்கம் அரங்கு நிறைய ஆட்கள், எதிரே பெனே தனி ஆள். கேள்வி கேட்பவர்களை வெட்டி வெட்டிப் பேசுகிறார். தான் என்று ஒருவர் இருப்பதையே ஒத்துக்கொள்ள மாட்டேன் என்கிறார். கீழே வந்த கருத்துகளைப் படித்தேன்: தலைக்கனம், பைத்தியம், கிறுக்கு. எனக்கு மனசு ஆறவில்லை. நாற்பது வருட உழைப்பு நாலு நிமிடக் கோபமாகச் சுருங்கிவிடக் கூடாது என்றுதான் இந்த இழையைத் தொடங்குகிறேன்.

பெனே 1937 செப்டம்பர் 1 அன்று காம்பி சலெந்தீனாவில் பிறந்தவர். இத்தாலி வரைபடத்தில் பூட்ஸின் குதிகால் இருக்கிறதே, அங்கே லெச்சே நகரத்துக்குப் பக்கத்துச் சின்ன ஊர். வீட்டில் புகையிலைத் தொழில். சின்ன வயதில் கோயிலில் பூசைக்கு உதவி செய்யும் பையன். அப்போது பூசை லத்தீனில். அர்த்தம் புரியாத சொற்களைத் தினமும் ராகத்தோடு கேட்டு வளர்ந்த பிள்ளை அவர். பிற்காலத்தில் சொல்லின் பொருளைவிட அதன் ஒலியைப் பிடித்துக்கொண்டு போனதற்கு விதை அங்கேதான் விழுந்தது என்பது என் எண்ணம்.

1957இல் ரோம் தேசிய நாடகப் பள்ளியில் சேர்ந்து, படிப்பை முடிக்காமலே வெளியே வந்தார். 1959இல் ஆல்பெர் காம்யுவின் 'கலிகுலா'வில் தலைமைப் பாத்திரம். வயது 22. அதற்குப் பிறகு ரோமின் த்ராஸ்தேவெரே பகுதியில் 'தேயாத்ரோ லபொரதோரியோ' என்ற சின்ன அரங்கம். பெயருக்கு ஏற்றபடி அது ஒரு பரிசோதனைக்கூடம்தான். 1963இல் 'கிறிஸ்து 63' என்ற நிகழ்வில் ரகளை ஆகி, போலீஸ் வந்து அரங்கத்தை மூடியது. ஊர் அவருக்குக் 'கலகக்காரர்' என்று பெயர் வைத்தது அங்கிருந்துதான். ஆனால் அதே வருடங்களில் அவர் என்ன செய்துகொண்டிருந்தார் என்று பாருங்கள். பினோக்கியோவை முதன்முறை 1961இல் மேடையேற்றினார். அதைத் திரும்பத் திரும்ப எடுத்து, மாற்றி, கழித்து, கடைசியாக 1998இல் செய்தார். ஒரே மரப்பொம்மையோடு 37 வருடம்! ஹாம்லெட்டும் அப்படித்தான், விட்டுவிட்டு வாழ்நாள் முழுக்க. கிறுக்குப் பிடித்தவர் இப்படி ஒரே இடத்தில் உட்கார்ந்து தோண்ட மாட்டார்.

என்னைப் பொறுத்தவரை பெனே முதலில் ஒரு குரல். நடிகர், இயக்குநர், எழுத்தாளர் எல்லாம் அதற்குப் பிறகுதான். பேசலாம் வாங்க.

ரீல்பெட்டி எழுதியது:

நல்ல இழை அக்கா. நான் இத்தாலிய இயக்குநர் பசோலினியின் 'ஈடிபஸ் ராஜா' (1967) வழியாகத்தான் இவரைக் கண்டுபிடித்தேன். கிரெயோன் வேடம். கொஞ்ச நேரம்தான் வருகிறார். ஆனால் கண்ணை எடுக்க முடியவில்லை. அந்தப் படத்தில் தைரேசியஸாக வருபவர் ஜூலியன் பெக், லிவிங் தியேட்டர் குழுவை நடத்தியவர். அமெரிக்காவின் மாற்று நாடகமும் இத்தாலியின் மாற்று நாடகமும் மொராக்கோ மணலில் ஒரே படத்துக்குள் நிற்கின்றன. அதை நினைத்தாலே சிலிர்க்கிறது.

அவர் இயக்கிய படங்களில் எதை முதலில் பார்க்கலாம்?

மேடையோரம் எழுதியது:

'நோஸ்த்ரா சிஞோரா தெய் துர்க்கி', 1968. தமிழில் 'துருக்கியரின் மாதா' என்று சொல்லலாம். முதலில் அவரே எழுதிய நாவல், பிறகு மேடை நாடகம், பிறகு படம். 16 மில்லிமீட்டரில் எடுத்து 35க்குப் பெரிதாக்கியது. அதனால் நிறங்கள் ஊறிப்போன மாதிரி, பொரிபொரியாகத் தெரியும். அதைக் குறை என்று நினைத்துவிடாதீர்கள்.

படத்தின் வேர் ஒத்ராந்தோவில் இருக்கிறது. அவர் பிறந்த மண்ணின் கடற்கரைப் பட்டணம். 1480இல் ஒட்டோமன் படை அதைப் பிடித்தபோது சுமார் 800 பேர் தலை வெட்டப்பட்டு இறந்தார்கள். அவர்களுடைய எலும்புகளும் மண்டையோடுகளும் இன்றும் அந்த ஊர்ப் பேராலயத்தில் பீடத்துக்குப் பின்னால் கண்ணாடிப் பேழைகளுக்குள் அடுக்கி வைக்கப்பட்டிருக்கின்றன. ஞாயிறு தோறும் மண்டையோடுகளைப் பார்த்துக்கொண்டே செபம் சொல்லும் ஊர். அந்த மண்ணின் பிள்ளை எடுத்த படம் என்று நினைத்துக்கொண்டு பாருங்கள், பாதி புரியும்.

கதை என்று கேட்டால், மூரிஷ் பாணி மாளிகை ஒன்றில் தனியாக வாழும் ஒரு மனிதன் மடையனாக ஆக முயற்சி செய்கிறான். ஆம், முயற்சி. உடம்பெல்லாம் கட்டுப்போட்டுக்கொண்டு திரிகிறான், விழுகிறான், எழுகிறான். புனித மார்கரெட் வந்து அவனைக் கவனித்துக்கொள்கிறார். தலைக்குப் பின்னால் ஒளிவட்டம், கையில் சிகரெட். லிதியா மான்சினெல்லி நடித்தது. பெனேயின் மேடையிலும் படங்களிலும் பல வருடம் கூடவே இருந்த நடிகை அவர். அவரைப் பற்றித் தனி இழையே போட வேண்டும்.

மாதாவைப் பார்த்த மடையர்கள் உண்டு, பார்க்காத மடையர்களும் உண்டு என்று தொடங்கும் நீண்ட தனிமொழியைத் தவற விடாதீர்கள். அதற்குப் பின்னால் கூப்பர்த்தினோ புனித யோசேப்பு நிற்கிறார். 17ஆம் நூற்றாண்டுத் துறவி, படிப்பு ஏறாதவர், செபத்தில் பரவசமாகித் தரையை விட்டு மேலே எழும்பிவிடுவார் என்பது நம்பிக்கை. அவரும் பெனே பிறந்த அதே சலென்தோ மண்ணின் ஆள். அறிவாளிகள் தரையிலேயே நடக்கிறார்கள், அறிவைத் தொலைத்தவன் பறக்கிறான். இதைக் கேலியாக எடுத்துக்கொண்டவர்கள் உண்டு. எனக்கு அது ஏக்கமாகத்தான் கேட்கிறது. தன்னால் அந்த அளவுக்கு வெறுமையாக முடியவில்லையே என்ற ஏக்கம். பின்னால், 1983இல், தன் வாழ்க்கைக் கதைக்கு 'நான் மாதாவுக்குக் காட்சி கொடுத்தேன்' என்று தலைப்பு வைத்தவரும் இவர்தான்.

வெனிஸ் விழாவில் அந்தப் படத்துக்கு நடுவர் குழுவின் சிறப்புப் பரிசு கிடைத்தது. 1968இன் விழா என்றால் உங்களுக்கே தெரியும். திரைக் கலைஞர்களே விழாவை எதிர்த்துப் போராடிய வருடம்.

ரீல்பெட்டி எழுதியது:

நேற்று இரவு பார்த்துவிட்டேன். முதல் அரை மணி நேரம் எரிச்சல். அப்புறம் ஒரு இடத்தில், அவன் தனக்குத்தானே ஊசி போட்டுக்கொள்ளப் படும் பாட்டைப் பார்த்துச் சிரித்துவிட்டேன், அதோடு கதவு திறந்துவிட்டது. 'சலோமே'யையும் (1972) தேடிப் பிடித்தேன். நடிகை டோன்யேல் லூனா தலை மொட்டையாக, கண்ணைப் பறிக்கிற நிறங்கள் நடுவே வருகிறார். வெட்டுகள் ஆயிரக்கணக்கில். ஒரு காட்சி கண்ணில் தங்குவதற்குள் அடுத்தது வந்து விழுகிறது. ஒன்று கேட்க வேண்டும்: 1973இல் அவருடைய 'ஒரு ஹாம்லெட் குறைவு' கான் திரைவிழாவின் போட்டிப் பிரிவு வரைக்கும் போயிருக்கிறது. அதோடு சினிமாவை ஏன் விட்டார்?

மேடையோரம் எழுதியது:

ஐந்து முழுநீளப் படம், ஐந்தாறு வருடம், போதும் என்று விட்டுவிட்டார். படச்சுருளையே மிதித்தும் எரித்தும் பார்த்தவர் அவர். பிம்பம் என்ற பொருளை எவ்வளவு தூரம் உடைக்க முடியுமோ அவ்வளவு உடைத்தாயிற்று. அதற்கு மேல் அவருக்கு அங்கே வேலை இல்லை. குரல் அப்படித் தீரவில்லை.

செங்கல்சூளை எழுதியது:

நான் மாற்றுக் கருத்து சொல்லப் போகிறேன், கோபப்பட வேண்டாம். பெனே பெரிய கலைஞர், சந்தேகமில்லை. ஆனால் 'மாற்றுப் பண்பாட்டு நடிகர்' என்ற பட்டத்தை அவர் தலையில் வைப்பது எனக்கு உறுத்துகிறது. 70களில் அரசுத் தொலைக்காட்சி ராய் அவருக்குக் கதவைத் திறந்தது. 1980இல் மிலானின் லா ஸ்காலாவில் ஷூமன் இசையோடு பைரனின் 'மேன்ஃப்ரெட்'. இத்தாலியில் இதைவிட உயர்ந்த மேடை எது? எதிர்ப்பாளர் என்றால் இவ்வளவு சுலபமாக உள்ளே விடுவார்களா?

அதே தலைமுறையில் லியோ தெ பெரார்தினிஸ் இருக்கிறார். பெர்லா பெரகால்லோவோடு சேர்ந்து வேலை செய்தவர். 1968இல் பெனேயும் இவர்கள் இருவரும் சேர்ந்துதான் 'டான் கிஹோத்தே' செய்தார்கள். அதன் பிறகு லியோவும் பெர்லாவும் ரோமையே விட்டுவிட்டு நேப்பிள்ஸ் பக்கம் மரில்யானோ என்ற ஊருக்குப் போய் உட்கார்ந்தார்கள். விவசாயப் பூமி, ஏழைச் சனம். அங்கே உள்ளூர் ஆட்களை மேடையில் ஏற்றி, லியர் மன்னனையும் நேப்பிள்ஸ் கண்ணீர்ப் பாட்டையும் ஒன்றாகப் பிசைந்து நாடகம் போட்டார்கள். 'அறியாமையின் நாடகம்' என்றே தங்கள் வேலைக்குப் பெயர் வைத்தார்கள். மக்களிடம் போனவர் லியோ. பெனே தனக்குள் போனார். நான் லியோ பக்கம்.

மேடையோரம் எழுதியது:

கோபமே இல்லை செங்கல். லியோ பேரைச் சொன்னதற்கு நன்றி. 2001இல் ஒரு அறுவைசிகிச்சைக்குக் கொடுத்த மயக்க மருந்தில் கோமாவுக்குப் போனவர் திரும்பவே இல்லை. 2008இல் இறந்தார். அவரை யாரும் பேசுவதில்லை என்பது எனக்கும் வருத்தம்தான்.

ஆனால் ஒன்று. எந்த மேடையில் நின்றார் என்பதை மட்டும் வைத்து ஒருவர் எதை எதிர்த்தார் என்று முடிவு செய்ய முடியாது. 1977இல் பெனே செய்த 'மூன்றாம் ரிச்சர்ட்'டை எடுத்துக்கொள்ளுங்கள். ஷேக்ஸ்பியர் நாடகத்தில் ராஜா, இளவரசர், பிரபு என்று ஒரு பட்டாளமே இருக்கும். பெனே அத்தனை பேரையும் தூக்கிவிட்டார். ரிச்சர்டும் பெண்களும் மட்டும்தான் மிச்சம். ஆட்சி, அரியணை எல்லாம் போய்விட்டது. ரிச்சர்ட் இழுப்பறைகளிலிருந்து செயற்கைக் கை கால்களை எடுத்து ஒவ்வொன்றாகத் தன் உடம்பில் மாட்டிப் பார்க்கிறான். தடுக்கி விழுகிறான். ஊனம் என்று நாம் நினைத்துக்கொண்டிருந்தது நம் கண் முன்னால் அங்கேயே தயாராகிறது.

'ரோமியோ ஜூலியட்'டில் இன்னும் ஒரு படி. ரோமியோவை வெட்டிக் குறைத்துவிட்டார். மூலத்தில் சீக்கிரமே செத்துப்போகும் மெர்க்குசியோ இங்கே சாக மறுக்கிறான். ஒரு கதாபாத்திரத்தைக் கழித்தால் அவன் நிழலில் நசுங்கிக் கிடந்த இன்னொருவன் வளர்கிறான். தத்துவ அறிஞர் ஜில் தெலூஸ் இதைப் பார்த்து அசந்துபோய் ஒரு கட்டுரையே எழுதினார். பெனேயின் 'மூன்றாம் ரிச்சர்ட்' பிரதியோடு சேர்த்து இருவர் பெயரிலும் 1979இல் பிரெஞ்சில் புத்தகமாக வந்தது. அவர் கண்டுகொண்ட விஷயம் இதுதான்: பெனே ஷேக்ஸ்பியரை விமர்சிக்கவும் இல்லை, நவீனப்படுத்தவும் இல்லை, கழிக்கிறார். அதிகாரத்தைத் தாங்கிக்கொண்டிருக்கும் துண்டைக் கண்டுபிடித்து அதை மட்டும் உருவி எடுக்கிறார்.

லா ஸ்காலாவுக்குள் போய் இந்தக் கழித்தலைச் செய்வது அதிகாரத்தோடு சமரசம் ஆகாது. பணம் எங்கிருந்து வந்தது என்ற கேள்வி நியாயமானது. எனக்கு அதைவிட, வந்த பணத்தில் யாருக்கும் பணிந்து ஒரு வரியாவது சொன்னாரா என்பதுதான் முக்கியம்.

செங்கல்சூளை எழுதியது:

மெர்க்குசியோ விஷயம் எனக்குப் புதிது. அதை யோசிக்க வேண்டும். லியோ பக்கத்திலிருந்து நகரமாட்டேன், ஆனால் 'சமரசம்' என்ற தொனியில் நான் எழுதியதைத் திரும்ப எடுத்துக்கொள்கிறேன்.

தாழ்வாரம் எழுதியது:

எனக்கு ஒரு அடிப்படைச் சந்தேகம். இவரை 'குரல்' என்கிறீர்கள். நமக்கு இத்தாலி மொழி தெரியாது. வசன அட்டை கீழே ஓடும்போது குரலைக் கேட்கிறோமா, எழுத்தைப் படிக்கிறோமா? மொழி தெரியாமல் குரலை ரசிக்கிறேன் என்பது நம்மை நாமே ஏமாற்றுவது ஆகாதா?

மேடையோரம் எழுதியது:

இந்தக் கேள்வியோடு நானும் பல வருடம் மல்லுக்கட்டினேன். இப்போது எனக்குத் தோன்றுவதைச் சொல்கிறேன்.

இத்தாலிய மேடையில் பேசப்படும் மொழியை யாரும் வீட்டில் பேசுவதில்லை, அது பள்ளியில் கற்றுக்கொடுத்த செயற்கை மொழி என்று பசோலினி 1968இல் நாடகம் பற்றிய தன் அறிக்கையில் எழுதினார். அந்தக் கால அரங்கத்தைக் கிழித்துப் போட்ட அதே அறிக்கையில் விதிவிலக்காக அவர் மதித்துச் சொன்ன பெயர் பெனே. ஏனென்றால் பெனே அந்தச் செயற்கை மொழியை 'இயல்பாக' ஆக்க முயலவில்லை. அதைச் சொல் சொல்லாகப் பிரித்து, விழுங்கி, துப்பி, முனகலாகவும் கூவலாகவும் மாற்றி, பொருள் பின்னால் தங்கிவிடும்படி செய்தார். ஆகவே இத்தாலியனும் அவரைக் கேட்கும்போது கொஞ்ச நேரத்தில் அர்த்தத்தைத் தவற விட்டுவிடுகிறான். நாம் தவற விடுவது கூடுதல்தான், மறுக்கவில்லை. ஆனால் முழுக்க வெளியே நிற்கவில்லை.

மைக்கை அவர் பயன்படுத்திய விதத்தைப் பாருங்கள். பின் வரிசைக்குக் கேட்கட்டும் என்று மேடையில் மைக் வைப்பார்கள். பெனேயோ மைக்கைக் காதுக்குப் பக்கத்தில் வருவதற்காக வைத்தார். உதடு பிரிகிற ஈரச் சத்தம், நாக்கு பல்லைத் தொடுவது, ஒரு எழுத்துக்கு முன்னால் வரும் காற்று எல்லாம் ஸ்பீக்கர் வழியாகப் பெரிதாகி வரும். மேடையில் கத்தாமலே அரங்கத்தை நிரப்பலாம் என்று கண்டுகொண்டார். நடிகர், மைக், ஆம்ப்ளிஃபயர், ஸ்பீக்கர் எல்லாம் சேர்ந்த ஒன்றை 'நடிப்பு இயந்திரம்' என்றார். ஒலிப்பதிவும் நேரடிக் குரலும் கலந்து வரும்போது, இப்போது அவர் பேசுகிறாரா, பேசியதைக் கேட்கிறாரா என்றே தெரியாது.

ஒரு பயிற்சி சொல்கிறேன், செய்து பாருங்கள். ரஷ்யக் கவிஞர்கள் நாலு பேரை வைத்து அவர் ராய்க்குச் செய்த நிகழ்ச்சி இருக்கிறது: பிளாக், மயாகோவ்ஸ்கி, எசேனின், பாஸ்டர்நாக். ஒளிபரப்பானது 1977இல். திரையை மூடிவிட்டு ஹெட்ஃபோனில் மயாகோவ்ஸ்கி பகுதியை மட்டும் கேளுங்கள். அடுத்து எசேனின். ஒரே தொண்டைதான். ஆனால் மூச்சின் நீளம் வேறு. முதலாமவர் மூச்சைத் தள்ளுகிறார், இரண்டாமவர் மூச்சை இழக்கிறார். அதைப் பிடித்துவிட்டீர்கள் என்றால் வசன அட்டை தேவைப்படாது.

தாழ்வாரம் எழுதியது:

கேட்டேன். இரண்டு முறை. மயாகோவ்ஸ்கியில் ஒரு இடத்தில் என் மூச்சும் நின்றுவிட்டது, அது ஏன் என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை. கேள்வியைத் திரும்பப் பெறவில்லை, ஆனால் இனி வேறு மாதிரிக் கேட்பேன்.

வடலிக்காடு எழுதியது:

எல்லாருக்கும் வணக்கம். நான் பதினைஞ்சு வருசமா பொலோஞாவில இருக்கிறன், ஒரு சாப்பாட்டுக் கடைக் குசினியில வேலை. நாடகம் பற்றிப் பெரிசா ஒண்டும் தெரியாது. ஆனா நீங்கள் குரல் எண்டு சொன்ன உடன எழுதாமல் இருக்க ஏலாமல் போச்சு.

1980 ஆகஸ்ட் 2 இஞ்சத்த ரயில் நிலையத்தில குண்டு வெடிச்சு 85 சனம் செத்தது. இருநூறு பேர் அளவில காயம். நிலையத்தில ஒரு மணிக்கூடு 10:25 இல நிண்டபடிதான் இண்டைக்கும் இருக்கு. நானும் வந்த புதுசில பழுதான மணிக்கூடு எண்டு நினைச்சனான். பிறகுதான் ஒரு ஆள் விளக்கிச் சொன்னது.

அடுத்த வருசம், 1981 ஜூலை 31 இரவு, முதலாம் ஆண்டு நினைவுக்காக நகரசபை பெனேயைக் கூப்பிட்டது. அவர் அசினெல்லிக் கோபுரத்தில ஏறி நிண்டு இத்தாலியக் கவிஞர் தாந்தேயின்ர பாட்டுகளை வாசிச்சார். 97 மீட்டர் உயரம். கீழ தெருவெல்லாம் ஸ்பீக்கர். ஏன் உந்த ஆளைக் கூப்பிட்டனீங்கள் எண்டு அந்த நேரம் அரசியல்ல பெரிய சண்டையாம். அவர் அந்த வாசிப்பைச் செத்தவைக்கு எண்டு சொல்லேல்ல, காயப்பட்டவைக்கு எண்டு சொன்னவர். தானும் சாகிற அளவுக்குக் காயப்பட்டவன் எண்டும் சொன்னவர். எனக்கு அது விளங்கும். எங்கட ஊரில நினைவு நாள் எண்டால் செத்தவையின்ர படத்துக்குத்தான் விளக்கு. உயிரோட மிஞ்சினவையை ஆர் நினைக்கினம்?

நான் அந்தக் கோபுரத்தில ஏறினனான். 498 படி, மரப்படி. நடுவில மிதிச்சு மிதிச்சு தேஞ்சு வழுவழு எண்டு இருக்கும், ஓரத்தைப் பிடிச்சுத்தான் ஏற வேணும். பட்டம் எடுக்க முதல் ஏறினால் படிப்பு முடியாது எண்டு இஞ்சத்த பெடியள் ஏறாயினம். மேல போய் நிண்டால் சிவப்பு ஓடுதான் கண்ணுக்கு எட்டின தூரம் வரை. பக்கத்தில சரிஞ்சு நிக்கிற கரிசெந்தாக் கோபுரத்தைத் தாந்தே நரகப் பாட்டில சொல்லியிருக்கிறார் எண்டு பிறகு அறிஞ்சன். அப்ப அந்த மனுசன் தாந்தேயை வாசிச்சது தாந்தே சொன்ன கோபுரத்துக்குப் பக்கத்தில நிண்டுதான். 2023 ஒக்டோபரில இருந்து ரெண்டு கோபுரத்தையும் பூட்டி வச்சிருக்கு, கரிசெந்தா ஆடுது எண்டு.

எங்கட குசினியில ஒரு வயசான இத்தாலிச் சமையல்காரர் இருக்கிறார். அண்டைக்கு அவர் அந்தச் சனத்துக்குள்ள நிண்டவர் எண்டு முந்தி ஒருக்காச் சொன்னவர். நாளைக்குக் கேட்டுப் பாக்கிறன்.

மேடையோரம் எழுதியது:

வடலி, இதற்கு முன்னால் நான் எழுதியதெல்லாம் ஒன்றுமில்லை. 'மிஞ்சினவையை ஆர் நினைக்கினம்' என்ற இடத்தில் நிறுத்திவிட்டு எழுந்து போய்விட்டேன்.

அந்த இரவின் ஒலிப்பதிவு கிடைக்கிறது. தாந்தேயின் நரகப் பகுதியில் யுலிஸஸ் வருகிற 26ஆம் பாட்டையும், உகோலினோ பட்டினியில் பிள்ளைகளைப் பறிகொடுக்கிற 33ஆம் பாட்டையும் கட்டாயம் கேளுங்கள். மேடையில் சொல்லை உடைத்தவர் அங்கே உடைக்கவில்லை. நீட்டுகிறார். 97 மீட்டர் கீழே வரை போய்ச் சேர வேண்டிய சொல் அல்லவா.

ரீல்பெட்டி எழுதியது:

செங்கலின் 'தனக்குள் போனவர்' என்ற வாதத்துக்கு இந்த இரவே பதில் என்று நினைக்கிறேன். ஒரு ஊர் முழுக்கத் தெருவில் நிற்க வைத்திருக்கிறார்.

செங்கல்சூளை எழுதியது:

பாதிப் பதில். அதே மனிதர்தான் 80களின் கடைசியில் வெனிஸ் பியெனாலே என்ற கலைவிழாவின் நாடகப் பிரிவுக்குத் தலைவராகி, பார்வையாளரே வேண்டாம் என்று பூட்டிய கதவுக்குள் ஆராய்ச்சி நடத்தியவர். பியெனாலேயோடு பெரிய தகராறு ஆனது. தெரு முழுக்கச் சனத்தைத் திரட்டியவரும் அவர்தான், சனத்தை வெளியே நிறுத்தியவரும் அவர்தான். இரண்டில் ஒன்றை மறைத்துவிட்டு அவரைக் கொண்டாட எனக்கு மனம் வராது.

மேடையோரம் எழுதியது:

மறைக்க வேண்டியதில்லை. கழித்துக்கொண்டே போனவர் கடைசியில் பார்வையாளரையும் கழித்துப் பார்த்தார். எனக்கு அது பிடிக்கவில்லை. ஆனால் அது திமிரில் செய்தது இல்லை, அவர் போய்க்கொண்டிருந்த வழியில் அடுத்த படி அது. 2000இல் கூட, உடம்பு முடியாத நிலையில், கவிதை எழுதி வெளியிட்டார், அக்கிலீஸை வைத்து மேடை ஏறினார். 2002 மார்ச் 16 அன்று ரோமில் இறந்தார். அஸ்தி ஒத்ராந்தோவுக்கே போனது.

வடலி, சமையல்காரரிடம் கேட்டீர்களா?

வடலிக்காடு எழுதியது:

கேட்டனான் அக்கா. இண்டைக்கு மத்தியானம், வெங்காயம் வெட்டிக்கொண்டு நிக்கேக்க. அண்டைக்கு அவருக்கு இருபது வயசாம். என்ன பாட்டு வாசிச்சது எண்டு ஒண்டும் நினைவில்லையாம். பள்ளிக்கூடத்தில தாந்தே எண்டாலே தனக்குப் பிடிக்காதாம்.

மூச்செடுக்கிற சத்தம்தான் நினைவிருக்காம். ஒவ்வொரு வரிக்கும் முதல் அந்த ஆள் மூச்சு எடுக்கிறது ஸ்பீக்கர் வழிய தெருத் தெருவாக் கேட்டதாம். ஆர் எங்க இருந்து மூச்சு விடுகினம் எண்டு தெரியாமல் சனம் மேலயும் பாத்ததாம், பக்கத்திலயும் பாத்ததாம்.